பிள்ளை பெற்றவளுக்குத் தண்ணீர் கொடுங்கள்

"பச்சை உடம்பு. தண்ணி குடுத்தா வயிறு ஊதிடும், பால் நீர்த்துப் போகும், பிள்ளைக்குச் சளி பிடிக்கும்." பிரசவமாகி இரண்டாம் வாரம் தலைவலியும் வலிப்புமாக வரும் பெண்ணை மூளையின் சிரைகளைக் காட்டும் எம்.ஆர். வீனோகிராம் ஸ்கேனுக்கு அனுப்பிவிட்டு வீட்டாரை விசாரித்தால், இன்றும் இதே பதில்தான் வருகிறது. வேளைக்கு அரை டம்ளர் வெந்நீர், அதுவும் அவள் கெஞ்சினால்.

மூன்றும் தவறு. குடித்த தண்ணீர் வயிற்றில் தேங்காது, குடல் உறிஞ்சி ரத்தத்தில் சேர்த்துவிடும். வயிறு தொங்குவது தசையும் தோலும் தளர்ந்ததால். கர்ப்பப்பை சுருங்கி இடுப்பெலும்புக்குள் இறங்கவே இரண்டு வாரம் ஆகும். தாய்ப்பாலில் நூற்றுக்கு 87 பங்கு எப்போதும் தண்ணீர்தான். தாய் அதிகமாகக் குடித்தாலும் பால் நீர்க்காது. ஆனால் நாளுக்கு முக்கால் லிட்டர்வரை பாலாக வெளியேறுவதை யார் ஈடுகட்டுவது? சளி கிருமியால் வருவது, தாயின் டம்ளரிலிருந்து அல்ல.

பிரசவ ரத்தப்போக்கைச் சமாளிக்க அவள் ரத்தம் சீக்கிரம் உறையும் பக்குவத்தில் இருக்கும்; ஆறு வாரம்வரை அப்படித்தான். அதோடு உடம்பும் வற்றினால், மூளையிலிருந்து ரத்தத்தை வடிக்கும் சிரைகளில் ரத்தம் உறைந்து கட்டாகி அடைக்கிறது. ரத்தசோகை, கிருமித்தொற்று, சிசேரியன், பரம்பரைக் கோளாறு என வேறு காரணங்களும் உண்டு. தண்ணீர் ஒன்றுதான் முழுக்க வீட்டார் கையில் இருப்பது.

அந்தச் சிரைகளுக்குப் பெயர் சைனஸ். "சைனஸில் ரத்தக்கட்டு" என்றதும் மூக்குச் சளி என்று நினைத்து ஆவி பிடிக்க வைக்கிறார்கள். இது மூளைக்குள் நடப்பது.

நாளுக்கு நாள் கூடும் தலைவலி, வாந்தி, பார்வை மங்கல், ஒரு கை கால் மரத்துப்போதல், பேச்சுக் குழறல், வலிப்பு: இவை ஜன்னியும் இல்லை, காற்றுக் கருப்பும் இல்லை. "முதுகுல போட்ட ஊசிதான்" என்றும் தள்ளாதீர்கள். அந்த ஊசியால் வரும் தலைவலி முதல் சில நாளில் வரும், படுத்தால் குறையும். இது படுத்தாலும் விடாது. ரத்த அழுத்தமும் பிரசவத்துக்குப் பிறகு ஏறி வலிப்பில் கொண்டுபோய் விடும். 140/90 தாண்டினால் அன்றே மருத்துவரைப் பாருங்கள், 160/110 என்றால் ஒரு மணி நேரம்கூடத் தாமதம் வேண்டாம்.

வலிப்பு வந்தால் ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். வாயில் எதையும் ஊற்றாதீர்கள், கையில் இரும்பு திணிக்காதீர்கள், 108-ஐ அழையுங்கள்.

ஸ்கேனில் மூளையில் ரத்தக் கசிவு தெரிந்தும், ரத்தம் உறைவதைத் தடுக்கும் ஹெப்பாரின் ஊசி போடுகிறோமே என்று பயந்து கையெழுத்துப் போட மறுப்பவர்கள் உண்டு. தயவுசெய்து கேளுங்கள்: வடிகால் அடைத்ததால்தான் அங்கே கசிகிறது. ரத்தக்கட்டு மேலும் வளராமல் நின்றால்தான் அழுத்தம் இறங்கும். பிறகு அதே வேலையைச் செய்யும் வார்ஃபரின் போன்ற மாத்திரை குறைந்தது மூன்று மாதம். ஹெப்பாரினோ வார்ஃபரினோ, தாய்ப்பால் கொடுக்கலாம். ஈஸ்ட்ரோஜன் கலந்த கருத்தடை மாத்திரை மட்டும் இனி வேண்டவே வேண்டாம், காப்பர்-டி போதும்.

பத்தியச் சாப்பாடு இருக்கட்டும், பூண்டுக் குழம்பும் இருக்கட்டும். இதயநோய் போன்றவற்றுக்காக மருத்துவர் அளவு சொல்லியிருந்தால் ஒழிய, நாளுக்கு இரண்டரை முதல் மூன்று லிட்டர். ஒவ்வொரு முறை பால் கொடுக்க உட்காரும்போதும் கைக்கெட்டும் தூரத்தில் ஒரு பெரிய டம்ளர் வையுங்கள். வெந்நீரோ பச்சைத் தண்ணீரோ, சுத்தமாக இருந்தால் சரி. சிறுநீர் வெளிர் மஞ்சளாகப் போகவேண்டும். கடுந்தேநீர் நிறமென்றால் அவளுக்கு இன்னும் தண்ணீர் போதவில்லை.