சொலேஷியம் என்னும் ஆறுதல் தொகை

நில எடுப்பு வழக்கு நடக்கும் சப் கோர்ட் வராந்தாவில் அரை மணி நேரம் நின்றால் 'அவார்டு' (இழப்பீட்டை நிர்ணயிக்கும் உத்தரவு), 'ஃபோர் ஒன்' (நிலம் எடுக்கப்போவதாக வரும் 4(1) அறிவிப்பு), 'சொலேஷியம்' மூன்றும் காதில் விழுந்துவிடும். முதல் இரண்டும் நிலக்காரர்களுக்குச் சீக்கிரமே பழகிவிடுகின்றன. மூன்றாவதை வக்கீல் சொல்லும்போது மட்டும் பலர் சும்மா தலையாட்டுகிறார்கள். கைக்கு வரும் பணத்தில் சரிபாதி அதுவாகவே இருக்கலாம் என்பது தெரிந்தால் அப்படி ஆட்ட மாட்டார்கள்.

லத்தீனில் 'சோலாரி' என்றால் தேற்றுவது. அதிலிருந்து வந்த 'சோலாடியம்' ஆங்கில வழக்கில் சொலேஷியம் ஆனது. ஸ்காட்லாந்துச் சட்டத்தில் விபத்தில் பட்ட வலிக்கும் மனவேதனைக்கும் கொடுக்கும் தொகைக்கு இதே பெயர்தான். நம் ஊரில் அது மண்ணோடு ஒட்டிக்கொண்டது. விற்க மனமில்லாதவரிடமிருந்து அரசு நிலத்தை எடுத்துக்கொள்கிறது; சந்தை விலை நிலத்துக்குச் சரி, அந்தக் கட்டாயத்துக்கு என்ன விலை? அதற்கான பதில்தான் சொலேஷியம்.

வேடிக்கை என்னவென்றால், 1894ஆம் ஆண்டு நிலம் கையகப்படுத்தல் சட்டத்தின் 23(2) பிரிவில் இந்தச் சொல்லே இல்லை. கையகப்படுத்தலின் கட்டாயத் தன்மையை முன்னிட்டுச் சந்தை மதிப்பில் 15 சதவீதம் கூடுதலாகத் தர வேண்டும் என்று மட்டும் இருந்தது. பெயர் வைத்தது வக்கீல்களும் நீதிபதிகளும்தான். இங்கிலாந்தில் இப்படி 10 சதவீதம் கூட்டிக் கொடுக்கும் வழக்கம் இருந்து, 1919இல் ஒழிந்தது. இங்கேயோ வளர்ந்தது: 1984 திருத்தத்தில் 30 சதவீதம், 2014 ஜனவரி 1 முதல் நடப்பிலுள்ள 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின் 30ஆவது பிரிவில் 100 சதவீதம். சொலேஷியம் என்ற பெயரும் அந்தப் பிரிவில் ஏறிவிட்டது.

குறைக்கப் பார்த்தவர்களும் உண்டு. வீட்டுவசதித் திட்டத்துக்கு எடுக்கும் நிலத்துக்கு 5 சதவீதம் போதும் என்று 1961இல் சென்னை மாநிலம் ஒரு திருத்தம் கொண்டுவந்தது. 1964 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாதென்றது. வீடு கட்ட எடுத்தாலும் ஆஸ்பத்திரி கட்ட எடுத்தாலும் போனது போனதுதானே, ஒருவருக்கு ஒரு கணக்கு இன்னொருவருக்கு ஒரு கணக்கு எப்படி? கேட்டது, சட்டத்தின் முன் எல்லாரும் சமம் என்னும் அரசியல் சட்டத்தின் 14ஆவது பிரிவு. தேசிய நெடுஞ்சாலைக்காக எடுத்த நிலத்துக்கு 1997 திருத்தத்தின்படி சொலேஷியம் கிடையாது என்றிருந்ததை 2019இல் உச்ச நீதிமன்றம் தள்ளியதும் இதே வாதத்தில்தான். அரை நூற்றாண்டு கழித்தும் அரசுக்கு அதே பாடத்தை நடத்த வேண்டியிருந்தது.

சொல்லுக்காகவே நடந்த சண்டை ஒன்று 2001இல் முடிந்தது. பழைய சட்டத்தில், இழப்பீடு தாமதமானால் முதல் ஆண்டுக்கு 9 சதவீதம், பிறகு 15 சதவீதம் வட்டி. சொலேஷியத்துக்கும் வட்டி உண்டா? இழப்பீடு வேறு, ஆறுதல் வேறு. ஆகவே இல்லை என்பது அரசுத் தரப்பு. உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, சொலேஷியமும் இழப்பீட்டின் பகுதியே, வட்டி உண்டு என்றது. வழக்கு பதினைந்து, இருபது வருஷம் இழுத்த குடும்பங்களுக்கு இது சின்ன வித்தியாசமில்லை.

தமிழில் 'ஆறுதல் தொகை' என்கிறோம். கொதித்த பால் ஆறுகிறது, புண் ஆறுகிறது, கோபம் ஆறுகிறது. லத்தீன் வேருக்கு இதைவிடப் பொருத்தமான வினை கிடைக்காது. ஆனால் காதில் விழும்போது 'ஆறுதல் பரிசு' ஞாபகம் வருகிறதே, அதுதான் எனக்கு உறுத்தல். தோற்றவனுக்குத் தட்டிக்கொடுத்துத் தருவது போல ஒரு தொனி. சிலர் 'கருணைத் தொகை' என்றே எழுதிவிடுகிறார்கள், அது தவறு. கருணைத் தொகையை அரசு தரலாம், தராமலும் இருக்கலாம். இதைத் தராமலிருக்க முடியாது. 'நிவாரணம்' வெள்ளத்துக்கும் புயலுக்கும் உரியது. 'கட்டாய ஈடு' என்று வைத்துப் பார்த்தேன். கட்டாயத்துக்கான ஈடு, கட்டாயம் தர வேண்டிய ஈடு என இரண்டு பொருளும் வருகிறது. என்றாலும் புழக்கத்திலுள்ள ஆறுதல் தொகையை மாற்றினால் குழப்பம்தான் மிஞ்சும். அது உரிமைத் தொகை என்ற புரிதலோடு அப்படியே இருக்கட்டும்.

கணக்கு இப்படி வரும். நிலத்தின் சந்தை மதிப்பு 10 லட்சம், கிராமப்புற நிலம் என்பதால் அந்த மதிப்பைப் பெருக்க வேண்டிய காரணி 1.25 என்று வைத்துக்கொள்வோம்: 12.5 லட்சம். கிணறு, தென்னை, வீடு சேர்த்து 2.5 லட்சம். ஆக 15 லட்சம். ஆறுதல் தொகை இன்னொரு 15 லட்சம். மொத்தம் 30 லட்சம். சந்தை மதிப்பின் மேல் ஆண்டுக்கு 12 சதவீதம் கூடுதல் தொகை தனி. நிலத்துக்கு மட்டும் ஆறுதல் தொகை போட்டு, கிணற்றையும் மரத்தையும் விட்டிருந்தால் அவார்டில் பிழை என்று பொருள். பணத்தை வாங்கும்போது 'ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதிக் கையெழுத்துப் போடாவிட்டால், தொகை போதாதென்று பிறகு வழக்குக்குப் போக முடியாது.