சீசன் என்றால் பருவம்

'தி பிட்' என்ற அமெரிக்க மருத்துவத் தொடரின் முதல் சீசனைக் காரைக்குடி வீட்டில் இரண்டாம் முறை பார்த்து முடித்தேன். பிட்ஸ்பர்க் மருத்துவமனை ஒன்றின் அவசரப் பிரிவு. காலை 7 மணிக்கு ஷிப்ட் தொடங்குகிறது, இரவு 10 மணி வரை நீள்கிறது. மணிக்கு ஒன்றாக 15 பகுதிகள். கொரோனாவில் தன் ஆசானை இழந்த அதே தேதியில் நாயகன் டாக்டர் ராபி வேலைக்கு வருகிறார். அந்தத் துக்கம் அவர் கண்ணிலேயே நிற்கிறது. நான் இடையிடையே கதை சொல்ல, கூட இருந்து பார்த்த அப்பத்தா கேட்டார்கள்: "ஒரே நாள்ல எல்லாம் முடிஞ்சுபோச்சு. இதை ஏன் சீசன்னு சொல்றீக?"

நியாயமான கேள்வி. சீசன் என்பது கதைக்குள் ஓடும் காலமில்லை, ஒளிபரப்பு ஓடும் காலம். அமெரிக்கத் தொலைக்காட்சியில் செப்டம்பர் வாக்கில் தொடர்கள் தொடங்கி மே மாதத்தோடு ஓய்வது நெடுநாள் வழக்கம். ராபியாக வரும் நோவா வைலி இளம் மருத்துவராக நடித்த பழைய தொடர் 'இ.ஆர்.' 1994 செப்டம்பரில் தொடங்கியது. 'தி பிட்' 2025 ஜனவரியில் வந்து ஏப்ரலில் முடிந்தது, அடுத்தது 2026 ஜனவரியில் வந்தது.

சொல்லின் வேர் வயலில் இருக்கிறது. லத்தீனில் 'சாட்டியோ' என்றால் விதைப்பு. அது பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குப் போய், விதைக்கும் காலம் என்பதிலிருந்து எதற்கும் உரிய காலம் என்று விரிந்தது.

சரி, தொடரின் சீசனைத் தமிழில் எப்படிச் சொல்வது? வேரை மட்டும் பார்த்தால் நம்மிடம் அச்சாக ஒரு சொல் உண்டு: பட்டம். 'ஆடிப்பட்டம் தேடி விதை' என்பதில் வரும் பட்டம் விதைப்புக் காலம்தான். எனக்கு மிகவும் பிடித்த சொல். ஆனால் மருத்துவத் தொடரில் 'முதல் பட்டம்' என்றால் எம்.பி.பி.எஸ். என்றுதான் காதில் விழும். கண்மாயை நம்பிய எங்கள் பக்கத்து வயலுக்கு 'ஒரு போகம்' என்போம். அது விளைச்சலின் கணக்கு. பாகம் என்பது வெறும் துண்டு, காலம் அதில் இல்லை.

பருவம் சரியாகப் பொருந்துகிறது. மழைக்கும் பருவம், வயதுக்கும் பருவம். அதைவிட முக்கியம், நூலின் பிரிவுக்கும் அது பழைய பெயர். பாரதம் 18 பருவங்கள். பிள்ளைத்தமிழை எடுத்துக்கொள்ளுங்கள்: காப்பு, செங்கீரை, தால், சப்பாணி என்று 10 பருவங்கள், பருவத்துக்குப் பத்துப் பாட்டு என்பது வழக்கம். பிள்ளை ஒன்றுதான், பருவத்துக்குப் பருவம் வளர்ந்து வருகிறது. ஒரே நாயகன், தொடரும் பருவங்கள், ஒவ்வொன்றிலும் எண்ணி வைத்த பகுதிகள். தொலைக்காட்சிக்கு நாம் தேடும் அமைப்பு இதுதானே?

ஆகவே 'தி பிட், முதல் பருவம், 15 பகுதிகள்' என்று தயங்காமல் எழுதலாம். கல்லூரியில் செமஸ்டரையும் பருவம் என்கிறோம். இடம் பார்த்தால் பொருள் புரிந்துவிடும். குற்றால சீசனும் ரயில் சீசன் டிக்கெட்டும் பேச்சில் ஊறிவிட்டவை, அவற்றை அப்படியே விடலாம்.