மேலே எண்ணெய், அடியில் தண்ணீர்: வீட்டில் நாம் பிரிக் பாவ் செய்பவர்களுக்கு

போன வாரம் என் மேசைக்கு இன்னொரு புட்டி வந்தது. இந்த மழைக்காலத்தில் மட்டும் இது நான்காவது. கொண்டுவந்தவர் இங்கே பாங்காக்கில் கணினி வேலை பார்க்கும் ஒரு தம்பி. மனைவி வீட்டிலேயே செய்த நாம் பிரிக் பாவ், அதாவது தாய்லாந்துக்காரர்களின் சுட்ட மிளகாய் விழுது. செய்து ஐந்து வாரம் ஆகிறது. அடுப்பு மேடையிலேயே இருந்திருக்கிறது. மூடியைத் திருகியதும் 'புஸ்' என்று சத்தம் வந்ததாம்.

"அக்கா, மேலே விரற்கடை உயரம் எண்ணெய் நிக்குது பாருங்க, அப்புறம் எப்படிக் கெடும்? மேலாப்ல எடுத்துப் போட்டுட்டு மீதியைச் சாப்பிடலாமா?"

கூடாது. நாக்கில் தொட்டுக்கூடப் பார்க்கக் கூடாது.

உணவு நுண்ணுயிர் ஆய்வகத்தில் பதினேழு வருடமாக வேலை பார்க்கிறேன். எண்ணெய் நின்றால் கெடாது என்ற பேச்சைக் கேட்காத மாதமே இல்லை. நம் வீட்டு ஊறுகாய் ஜாடியிலிருந்து வந்த நம்பிக்கை இது. ஆனால் அந்த ஜாடியைக் காப்பது எண்ணெய் இல்லை, உப்பும் புளிப்பும். ஆவக்காயில் எவ்வளவு உப்பு போடுகிறோம், மாங்காய் எவ்வளவு புளிக்கிறது என்று நினைத்துப் பாருங்கள். எண்ணெய் காற்றை மறைக்கும், அதனால் மேலே பூஞ்சை படராது. அதோடு அதன் வேலை முடிந்தது. காற்று ஆகவே ஆகாத கிருமி ஒன்று இருக்கிறது: கிளாஸ்ட்ரிடியம் பொட்டுலினம். அதற்கு நீங்கள் ஊற்றும் எண்ணெய் போர்வை. மண்ணில் இருக்கும் அதன் வித்துகள் பூண்டிலும் வெங்காயத்திலும் ஒட்டிக்கொண்டு வரும். கொதிக்கிற தண்ணீரில் அவை சாகாது. அழுத்தத்தில் 121 டிகிரி வரை போக வேண்டும். எண்ணெய் அதைவிடச் சூடாகத்தானே இருக்கிறது என்பீர்கள். எண்ணெய் சூடாக இருக்கும். ஈரமான பூண்டுத் துண்டின் உள்ளே, தண்ணீர் வற்றும்வரை, 100 டிகிரியைத் தாண்டாது.

அந்தப் புட்டியைக் கண்ணாடி வழியே பார்த்தேன். விழுதுக்குள் கடுகளவு குமிழிகள். நீளக் கரண்டியால் அடியிலிருந்து கொஞ்சம் எடுத்து வெள்ளைத் தட்டில் வைத்ததும் எண்ணெய் ஒரு பக்கம் ஓடியது, விழுதின் ஓரத்தில் கலங்கலாகத் தண்ணீர் கசிந்தது. அரைபடாத ஒரு பூண்டுப் பல்லை நசுக்கினேன். வெளியே கருகல், உள்ளே வெள்ளையாக ஈரம். புளிப்பை அளக்கும் பிஎச் எண் 5.3 காட்டியது (எண் குறைந்தால் புளிப்பு அதிகம்). இந்தக் கிருமி வளராதிருக்க 4.6-க்குக் கீழே இருக்க வேண்டும். குமிழி ஈஸ்ட்டால் வந்ததாகவும் இருக்கலாம். குமிழி வைத்துத் தீர்ப்புச் சொல்ல மாட்டேன். குமிழி இல்லாத புட்டிக்கும் நற்சான்று தர மாட்டேன். அந்தக் கிருமி விடும் நஞ்சுக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை.

எப்படிச் செய்தீர்கள் என்று அந்தப் பெண்ணிடம் கேட்டேன். மிக்ஸி சுற்றவில்லை என்று அரை டம்ளர் தண்ணீர் விட்டிருக்கிறார். மாமனாருக்குச் சர்க்கரை, அதனால் வெல்லத்தைப் பாதியாக்கியிருக்கிறார். ரத்த அழுத்தம் என்று, உப்புக்கு ஊற்றும் மீன் சாறு இரண்டே சொட்டு. புளியும் கம்மி. ஒவ்வொன்றும் அக்கறையில் செய்ததுதான், ஆனால் ஈரமின்மை, இனிப்பு, உப்பு, புளிப்பு என்று விழுதைக் காக்கிற நான்கையும் ஒரே நாளில் எடுத்துவிட்டார்.

பழைய முறையைப் பாருங்கள். காய்ந்த மிளகாய், சின்ன வெங்காயம், பூண்டு மூன்றையும் சுடுவார்கள். இறால் விழுதை வாழையிலையில் மடித்து வாட்டுவார்கள். காய்ந்த இறாலோடு கல் உரலில் இடிப்பார்கள் (சோன்புரி மாகாணத்து ஆங் சிலா உரலுக்கு இங்கே பெரிய பேர்). உரலுக்குத் தண்ணீர் தேவையில்லை. பிறகு எண்ணெயில் வதக்கி, பனை வெல்லம், புளிக்கரைசல், மீன் சாறு சேர்த்து ஜாம் மாதிரி சுருளக் கிளறுவார்கள். சந்தையில் குவித்து வைத்து எடை போட்டு விற்பது வேகமாகத் தீர்ந்துவிடும். மாதக்கணக்கில் மேடையில் உட்காராது.

பயமுறுத்துகிறேன் என்று நினைக்க வேண்டாம். 2006-இல் இதே தாய்லாந்தின் வடக்கே, 'நான்' (Nan) என்ற பெயருள்ள மாகாணத்தில், வீட்டு முறையில் தகர டின்னில் அடைத்த மூங்கில் குருத்தைச் சாப்பிட்டு 200-க்கும் மேற்பட்டவர்கள் இதே நஞ்சால் நோயில் விழுந்தார்கள். 42 பேருக்கு மூச்சுக்கருவி வைக்க வேண்டியிருந்தது. நஞ்சுமுறி மருந்து வெளிநாடுகளிலிருந்து வந்தது. அதற்கும் முன்னால், 1985-இல் கனடாவின் வான்கூவரில் 36 பேர். காரணம், குளிரில் வைக்காமல் விட்ட எண்ணெய்ப் பூண்டு. முதலில் பலருக்கு வேறு ஏதோ நோய் என்றே வைத்தியம் நடந்தது.

செய்யாதீர்கள் என்று சொல்லவில்லை. வீட்டில் சுடும் மிளகாயின் மணம் கடைப் புட்டியில் வராது, எனக்கும் தெரியும். மிக்ஸி சுற்றவில்லை என்றால் எண்ணெய் விடுங்கள், தண்ணீர் வேண்டாம். பூண்டை முழுப் பல்லாகப் போடாமல் மெல்லியதாக அரிந்து மொறுமொறுக்க வறுங்கள். கொதி அடங்கி, எண்ணெய் தெளிந்து பிரியும்வரை கிளறுங்கள். வெல்லத்தையும் உப்பையும் குறைத்தே ஆக வேண்டுமானால் குறையுங்கள், அதை அன்றாடச் சட்னியாக நினைத்துக்கொள்ளுங்கள். எப்படிச் செய்தாலும் இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜ். ஒரு வாரத்துக்கு வேண்டியதை மட்டும் கீழே வையுங்கள், மீதியை ஐஸ் தட்டில் சிறு கட்டிகளாக உறையவிடுங்கள். ஈரக் கரண்டி வேண்டாம். புட்டியோடு குக்கரில் வைத்து நான்கு விசில் விடுவதும் வேண்டாம். எண்ணெய் விழுதின் நடுவரை அந்தச் சூடு போனதா என்று உங்களால் அறிய முடியாது. ஊருக்குப் பார்சல் அனுப்பாதீர்கள், தயவுசெய்து. போய்ச் சேர்கிற வீட்டில் அதைத் திண்ணையில் வைத்தால் உங்களுக்குத் தெரியப் போவதில்லை.

இன்னொன்று: இதில் இறால் இருக்கிறது. ஒவ்வாமை உள்ளவருக்கும் சைவருக்கும் சொல்லாமல் பரிமாறாதீர்கள்.

சந்தேகப்பட்ட புட்டியை முகர வேண்டாம், கழுவி எடுத்து வைக்கவும் வேண்டாம். மூடியபடி இரண்டு பையில் கட்டிக் குப்பையில் போடுங்கள். சாப்பிட்டுவிட்டீர்கள், ஓரிரு நாளில் இமை தொங்குகிறது, பார்வை இரண்டிரண்டாகத் தெரிகிறது, பேச்சு குழறுகிறது, விழுங்க முடியவில்லை என்றால் விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். உடனே அவசரப் பிரிவுக்குப் போய், என்ன சாப்பிட்டீர்கள், எப்போது சாப்பிட்டீர்கள் என்று முதலில் அதைச் சொல்லுங்கள். புட்டி இன்னும் வீட்டில் இருந்தால் அதையும் கட்டிக் கையோடு கொண்டு போங்கள்.