வக்கீல் வராவிட்டால் குற்றவியல் மேல்முறையீடு தள்ளுபடி ஆகுமா?

"மேல்முறையீட்டாளர் தரப்பில் எவரும் ஆஜராகவில்லை, மேல்முறையீடு தள்ளுபடி செய்யப்படுகிறது." இப்படியோர் உத்தரவு பிறந்திருப்பதை, வக்கீலுக்குக் கட்டணம் முழுவதையும் கொடுத்துவிட்டு நம்பியிருக்கும் குடும்பங்கள் பல நேரங்களில் போலீசார் பிடியாணையோடு வாசலுக்கு வரும்போதுதான் அறிகின்றன.

இந்த உத்தரவு சட்டப்படி செல்லாது. விசாரணைக்கு ஏற்கப்பட்ட குற்றவியல் மேல்முறையீட்டை யாரும் வரவில்லை என்ற காரணத்துக்காக மட்டும் தள்ளுபடி செய்யக் கூடாது, ஆவணங்களைப் படித்து வழக்கின் தகுதியைப் பார்த்தே தீர்ப்பளிக்க வேண்டும் என்று பானி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் 3 நீதிபதிகள் அமர்வு 1996-இல் கூறிவிட்டது.

பலரும் ஏமாறுவது இதற்கு அடுத்த பகுதியில்தான். வாய்தா கொடுத்தே ஆக வேண்டும் என்று அந்தத் தீர்ப்பு சொல்லவில்லை. ஜாமீனில் இருப்பவரும் வரவில்லை, அவருடைய வக்கீலும் வரவில்லை என்றால், நீதிமன்றம் ஆவணங்களைப் படித்துவிட்டுத் தண்டனையை உறுதி செய்யலாம்; 2013-இல் பாண்டுரங்கா வழக்கிலும் உச்ச நீதிமன்றம் இதையே சொன்னது. சிறையில் இருப்பவர் தாமாக வர முடியாது என்பதால், அவருடைய வழக்கைத் தள்ளிவைப்பதே தக்கது என்றும், அரசுச் செலவில் வக்கீலை நியமிக்கத் தடையில்லை என்றும் பானி சிங் தீர்ப்பு கூறுகிறது.

ஆகவே, எழுத்தும் எண்ணுமாக 16 இடங்கள் கொண்ட, வழக்கின் தனி அடையாளமான சி.என்.ஆர். எண்ணை வாங்கி வைத்துக்கொண்டு, இ-கோர்ட்ஸ் செயலியில் அடுத்த தேதியை நீங்களே பாருங்கள். குமாஸ்தா சொல்லும் தேதியை மட்டும் நம்ப வேண்டாம். வக்கீல் வராத நாளில் நீங்களே எழுந்து நின்று, வாய்தாவோ சட்ட உதவி வக்கீலோ வேண்டும் என்று எழுத்திலும் கேளுங்கள். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், காவலில் உள்ளோர் ஆகியோருக்கு வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி உண்டு. வருமானச் சான்றிதழ் இல்லை என்று அவர்களைத் திருப்பி அனுப்புவது சட்டத்துக்கு முரணானது; அப்படி அனுப்பினால் 15100 என்ற எண்ணை அழையுங்கள்.

தள்ளுபடி ஆகிவிட்டால், உத்தரவின் சான்றிட்ட நகலுக்கு அன்றே மனுப் போட்டு, அந்தத் தேதிக்கு ஆதாரம் வாங்குங்கள். நகல் பிரிவில் எண் பிழை, வழக்குக் கட்டு வரவில்லை என்று அலைக்கழித்தாலும், நகல் தயாராக ஆகும் காலம் உயர் நீதிமன்றத்துக்குப் போவதற்கான கெடுவிலிருந்து கழிக்கப்படும். பழைய வக்கீல் கட்டைத் தர மறுக்கிறார் என்று காத்திருக்க வேண்டாம். மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்த அதே செஷன்ஸ் நீதிமன்றத்தில் மனுப் போட்டு உத்தரவை ரத்து செய்யலாம் என்று சொல்பவர்களை நம்பி நாளைக் கடத்தவும் வேண்டாம். எழுத்துப் பிழையைத் திருத்துவது தவிர, கையெழுத்திட்ட தீர்ப்பை மாற்றும் அதிகாரம் அந்த நீதிமன்றத்துக்குப் பொதுவாகக் கிடையாது. செஷன்ஸ் நீதிமன்ற உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் 90 நாட்களுக்குள் சீராய்வு மனு, அதாவது அந்த உத்தரவு சரியா என்று பார்க்கக் கோரும் மனு, தாக்கல் செய்ய வேண்டும். காலம் கடந்திருந்தால், வக்கீலுக்கு அனுப்பிய செய்திகள், கட்டண ரசீது ஆகியவற்றை இணைத்துத் தாமதத்தை மன்னிக்கக் கோருங்கள். சீராய்வு மனு மட்டும் கைதைத் தடுக்காது. தண்டனையை நிறுத்திவைக்கும் மனுவையும் அதனுடனேயே போட வேண்டும்.