ஜாமிஉ வேறு, ஜாமிஆ வேறு

டில்லி மெட்ரோவில் ‘ஜாமா மஸ்ஜித்’ என்றொரு நிலையம் உண்டு. வேறொரு தடத்தில் ‘ஜாமியா மில்லியா இஸ்லாமியா’ என்றொரு நிலையமும் உண்டு. முன்னது ஷாஜஹான் கட்டிய பள்ளிவாசல், பின்னது பல்கலைக்கழகம். ஜாமா, ஜாமியா என்று உருதுவில் வழங்குவதை அரபு உச்சரிப்போடு எழுதினால் ஜாமிஉ, ஜாமிஆ. நம் ஊர்ப் பெயர்ப்பலகைகளிலோ பள்ளிவாசலையே ‘ஜாமிஆ மஸ்ஜித்’ என்று எழுதிவிடுகிறோம். மஸ்ஜித் அரபியில் ஆண்பால் சொல், ஜாமிஆ பெண்பால். ஆகவே ‘ஜாமிஉ மஸ்ஜித்’ என்பதுதான் சரி.

இரண்டுக்கும் வேர் ஒன்றே: ஜீம், மீம், ஐன் என்ற மூன்று அரபு எழுத்துகள். ‘ஒன்றுசேர்த்தல்’ என்று பொருள். வெள்ளிக்கிழமைக் கூட்டுத் தொழுகையான ஜும்ஆ, கூட்டம் என்னும் ஜமாஅத், அறிஞர்களின் ஒருமித்த முடிவான இஜ்மாஉ எல்லாம் இந்த வேரில் முளைத்தவை. வெள்ளிக்கிழமை ஊரையே ஒன்றுசேர்க்கும் பெரிய பள்ளி ஜாமிஉ. கல்வித் துறைகளை ஒன்றுசேர்ப்பது ஜாமிஆ.

இந்த இரண்டு சொல்லையும் ஒன்றாகச் சுமப்பது கெய்ரோவின் அல்-அஸ்ஹர். அன்று எகிப்தைக் கைப்பற்றிய பாத்திமிய்ய அரச மரபின் தளபதி ஜவ்ஹர் 970இல் கட்டத் தொடங்கினார். 972 ரமளானில் முதல் தொழுகை நடந்தது. 975இலேயே தலைமை நீதிபதி அலீ இப்னு நுஃமான் அங்கே உட்கார்ந்து, தம் தந்தை எழுதிய சட்டநூலைப் பாடம் சொன்னார். சில ஆண்டுகளில் மந்திரி இப்னு கில்லிஸின் முயற்சியால் 35 சட்ட அறிஞர்களுக்குச் சம்பளமும் ஏற்பாடாயிற்று.

ஒரு காலத்தில் இது ஜாமிஉ என்ற தகுதியையே இழந்திருக்கிறது. 1171இல் ஸலாஹுத்தீன் பாத்திமிய்யர் ஆட்சியை முடித்தார். ஓர் ஊருக்கு ஒரு ஜும்ஆதான் என்ற தீர்ப்பின்படி குத்பா என்னும் வெள்ளிக்கிழமை உரை கெய்ரோவின் அல்-ஹாகிம் பள்ளிவாசலுக்குப் போய்விட்டது. 1266இல் சுல்தான் பைபர்ஸ் காலத்தில்தான் அந்த உரை மறுபடி அல்-அஸ்ஹரில் கேட்டது. இடைப்பட்ட ஏறத்தாழ நூறாண்டும் பெயரளவில் மட்டும் ஜாமிஉ!

பாடம் நடந்த விதமும் சில சொற்களைத் தந்தது. ஷைகு, அதாவது ஆசிரியர், ஒரு தூணில் சாய்ந்து உட்காருவார்; மாணவர்கள் எதிரே வளைந்து உட்காருவார்கள். அந்த வட்டத்துக்கு ஹல்கா, அதாவது வளையம் என்று பெயர். தூணைச் சொன்னாலே ஆசிரியர் இன்னார் என்று தெரிந்துவிடும். பாடம் முடித்தவருக்கு இஜாஸா, அதாவது கற்பிக்கும் அனுமதி, கொடுத்தவர் அந்த ஆசிரியர்தான், நிறுவனம் அல்ல. நம் அரபிக் கல்லூரிகளில் ‘ஸனது வழங்கும் விழா’ என்கிறோமே, பட்டச் சான்றான அந்த ஸனதுக்கு வேர்ப்பொருள் சாய்ந்துகொள்ளும் ஆதாரம். ஆசிரியருக்குத் தூண், மாணவனுக்கு ஸனது.

ரிவாக் என்றால் தூண்கள் தாங்கும் தாழ்வாரம். அல்-அஸ்ஹரில் அது மாணவர் விடுதியின் பெயராகிவிட்டது. சிரியாக்காரர்களுக்கு ஒன்று, வடமேற்கு ஆப்பிரிக்காவின் மக்ரிபிகளுக்கு ஒன்று, துருக்கியருக்கு ஒன்று, ஜாவாவிலிருந்து வந்தவர்களுக்கும் ஒன்று. படுக்கை அங்கேயே, ரொட்டியும் படியளக்கப்படும். வெளிவாசல் ஒன்றுக்கு முடிதிருத்துவோர் வாசல் என்றே பெயர், மாணவர்கள் அங்கே மொட்டையடித்துக்கொண்டதால்.

இப்படியொரு இடத்துக்குத் தமிழில் என்ன சொல் என்று தேடப் போனால், கையிலேயே இருக்கிறது: பள்ளி. பள்ளியறை, பள்ளியெழுச்சி என்னும்போது அது தூக்கம். சமண முனிவர்கள் கல்படுக்கைகளில் தங்கிய இடம் பள்ளி. அவர்கள் அங்கே கற்பித்ததால் படிக்கும் இடமும் பள்ளியாயிற்று என்பது பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம். பிறகு முஸ்லிம்கள் தொழும் இடத்துக்கும் அதே சொல் வந்தது. தூங்கவும் படிக்கவும் தொழவும் ஒரே கூரை என்றிருந்த பழைய அல்-அஸ்ஹருக்கு இதைவிடப் பொருத்தமான சொல் வேறு மொழியில் கிடைக்குமா என்பது சந்தேகம்தான்.

ஜாமிஆவுக்குப் பல்கலைக்கழகம் என்பதும் நல்ல பொருத்தம். அரபியில் ஜாமிஆ என்பது கூட்டமைப்பையும் குறிக்கும். கெய்ரோவிலேயே தலைமையகம் கொண்ட அரபு லீக்கின் அரபுப் பெயரிலும் அதே சொல்தான். தமிழில் கழகமும் அப்படியே. கட்சிக்கும் கழகம், படிப்புக்கும் கழகம். வள்ளுவர் சூது அதிகாரத்தில் கழகம் என்றது சூதாடும் இடத்தை. நல்லவேளை, கம்பர் ‘கலை தெரி கழகம்’ என்று பாடி அதைக் கல்விப் பக்கம் இழுத்துவிட்டார்.

1961ஆம் ஆண்டு எகிப்தியச் சட்டத்தின்படி அல்-அஸ்ஹரில் மருத்துவம், பொறியியல், பெண்களுக்கான கல்லூரி எல்லாம் சேர்ந்த பிறகு, பள்ளிவாசலுக்கு வெளியே நகரமெங்கும் வகுப்புகள் பரவிவிட்டன. ஆகவே எழுதும்போது பிரித்தே எழுதலாம். ஜாமிஉல் அஸ்ஹர்: அஸ்ஹர் பெரும்பள்ளி. ஜாமிஅத்துல் அஸ்ஹர்: அஸ்ஹர் பல்கலைக்கழகம். ‘970இல் தொடங்கிய பல்கலைக்கழகம்’ என்று செய்தித்தாள்கள் எழுதும் இடத்தில் முதல் சொல்தான் வர வேண்டும்.