பழைய ரீலில் மலை ரயிலுக்கு ஏன் அவ்வளவு அவசரம்?

கல்லாறு தாண்டியதும் தொடங்கும் பல்சக்கரப் பாதையில் நீலகிரி மலை ரயில் மணிக்குச் சுமார் 13 கிலோமீட்டர்தான் ஏறும். மௌனப்பட காலத்தில் யாராவது அதைப் படம்பிடித்திருந்து, இன்று அப்படியே ஓர் ஆவணப்படத்தில் சேர்த்தால் கிட்டத்தட்ட 20 கிலோமீட்டரில் பறக்கும். நடைமேடையில் நிற்பவர்களும் துடுக்துடுக்கென்று நடப்பார்கள்.

காரணம் வெறும் கணக்கு. கையால் சுழற்றிய கேமராக்கள் பெரும்பாலும் நொடிக்கு 16, 18 படங்கள் எடுத்தன. ஒலி வந்த பிறகு 24 நிலையானது. 16-இல் எடுத்ததை 24-இல் ஓட்டினால் ஒன்றரை மடங்கு வேகம். இரண்டு படத்துக்கு ஒன்றை மறுபடி காட்டிச் சமாளிக்கலாம்; அசைவு லேசாகத் திக்கும். இப்போது கணினியே இடைப்பட்ட படங்களை உருவாக்கி நிரப்பிவிடுகிறது. பார்க்க வழவழவென்று இருக்கும். ஆனால் அவை கேமரா கண்ட காட்சிகள் அல்ல. சரித்திரச் சான்றாகக் காட்டுபவர்கள் அதைத் திரையிலேயே எழுதிவிட வேண்டும் என்பது என் கட்சி.

சரி, இதற்கெல்லாம் முதலில் ரீல் பிழைத்திருக்க வேண்டுமே! முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) இன்று பார்க்கக் கிடைப்பதில்லை.

ஊட்டி இந்து நகரில் பிலிம் தயாரித்த இந்துஸ்தான் போட்டோ ஃபிலிம்ஸ் 1960-இல் தொடங்கப்பட்டது. பிலிம் செய்ய மலைக்குளிர் தோதானது. பிலிமைப் பாதுகாக்க அதே குளிர் பாதிதான் உதவும். குளிர் சிதைவைத் தாமதப்படுத்தும். மலையின் ஈரமோ அதைக் கிளப்பிவிடும். அசிட்டேட் என்ற பிளாஸ்டிக்கால் ஆன பிலிமின் அடித்தாளில் ஈரம் சேரும்போது அசிட்டிக் அமிலம், அதாவது வினிகரின் புளிப்பு, பிரிந்து வருகிறது. அந்த அமிலமே மேற்கொண்டு சிதைவை முடுக்கும். ஆக, தொடங்கிவிட்டால் வேகம் ஏறிக்கொண்டே போகும். அடித்தாள் சுருங்கும், அதன்மேல் வெள்ளித் துகள்களைத் தாங்கும் ஜெலட்டின் படலம் அந்த அளவுக்குச் சுருங்காமல் மடிந்து உரியும். ஜெலட்டின் விலங்கின் எலும்பிலும் தோலிலும் இருந்து வருவது. பூஞ்சைக்கு அது விருந்து.

குன்னூரிலோ கோத்தகிரியிலோ உங்கள் வீட்டுப் பரணில் பழைய ரீல் கிடந்தால் முதலில் முகர்ந்து பாருங்கள். வினிகர் வாசனை வந்தால் ப்ரொஜெக்டரில் மாட்ட வேண்டாம். சுருங்கிய பிலிமின் ஓரத் துளைகள் பற்களில் சிக்கிக் கிழியும். துளைகளைப் பிடித்து இழுக்காமல் உருளைகளில் நகர்த்தும் ஸ்கேனர்கள் உண்டு, அவற்றில்தான் பதிவெடுக்க வேண்டும். அதுவரை மற்ற ரீல்களோடு வைக்காதீர்கள், அமில ஆவி அவற்றையும் பிடித்துக்கொள்ளும்.