பயோஸ்பியர் ரிசர்வ்: காப்பகமா, வட்டாரமா?

முதுமலைக் காட்டுக்கு எத்தனை பெயர்ப்பலகை வைக்கலாம் என்று எண்ணிப் பாருங்கள். அது காப்புக்காடு. 1940இல் சரணாலயம் ஆனது. பிறகு அதில் ஒரு பகுதி தேசியப் பூங்கா. 2007இல் புலிகள் காப்பகம். இதற்கெல்லாம் நடுவே, 1986இலிருந்து நீலகிரி பயோஸ்பியர் ரிசர்வின் ஒரு துண்டும் அதுதான். முதல் நான்கும் சட்டம் கொடுத்த பெயர்கள். மீறினால் வழக்கு வரும். ஐந்தாவதற்கென்று இந்தியாவில் தனிச் சட்டமே கிடையாது. ஆனாலும் செய்தித்தாளில் எல்லாம் ஒன்றுபோலத்தான் தெரிகின்றன. புலிகள் காப்பகம், உயிர்க்கோளக் காப்பகம் (பயோஸ்பியர் ரிசர்வுக்குத் தமிழில் வழங்கும் பெயர் இது): படிப்பவர் காதில் இரண்டும் அண்ணன் தம்பி. உண்மையில் இரண்டும் வேறு வேறு எண்ணத்திலிருந்து பிறந்தவை.

முதலில் 'பயோஸ்பியர்'. கிரேக்கத்தில் 'பயோஸ்' என்றால் உயிர்வாழ்க்கை, 'ஸ்பைரா' என்றால் உருண்டை. ஆஸ்திரிய நிலவியலாளர் எடுவார்ட் சூஸ் 1875இல் ஆல்ப்ஸ் மலை எப்படி உருவானது என்று எழுதும்போது இந்தச் சொல்லைப் போகிற போக்கில் உருவாக்கிவிட்டுப் போனார். அதற்கு முழு உடம்பு கொடுத்தவர் ரஷ்ய அறிஞர் விளாதிமிர் வெர்னாத்ஸ்கி. 1926இல் இந்தப் பெயரிலேயே நூல் எழுதினார். உயிர் என்பது பூமியின் மேல் ஒட்டிக்கொண்டிருக்கும் ஒன்றல்ல, காற்றையும் மண்ணையும் மாற்றி அமைக்கிற பெரும் சக்தி என்பது அவர் வாதம். நம் பள்ளிப் பாடநூல்கள் பாறைக்கோளம், நீர்க்கோளம் வரிசையில் இதை 'உயிர்க்கோளம்' என்றன. நல்ல சொல். சொல்கிறவருக்கும் கேட்கிறவருக்கும் சிக்கல் இல்லை.

சிக்கல் எல்லாம் 'ரிசர்வ்' என்பதில்தான்.

லத்தீனில் 'ரெசெர்வாரே' என்றால் பின்னுக்கு எடுத்து வைத்தல், பிறகு தேவைப்படும் என்று விட்டுவைத்தல். தமிழில் இந்தச் சொல் எப்போதோ குடியேறிவிட்டது. ரயிலில் சீட்டு ரிசர்வ் செய்கிறோம். வண்டி ரிசர்வில் ஓடுகிறது. பணம் அச்சடிக்க ரிசர்வ் வங்கி. இந்த இடங்களில் எல்லாம் யாருக்கும் வருத்தமில்லை. ஆனால் மலையடிவார ஊர்களில் 'அது ரிசர்வு' என்று ஒருவர் சொன்னால் பொருள் வேறு: அங்கே மாடு ஓட்டாதே, விறகு எடுக்காதே. இந்தப் பொருளுக்கு 1882ஆம் ஆண்டின் சென்னை வனச் சட்டம் பெரும் காரணம். ஒரு காட்டை 'ரிசர்வ்' என்று அறிவிக்கப்போவதாக அரசு சொல்லும். உரிமை இருக்கிறவர்கள் குறித்த காலத்துக்குள் வந்து எழுத்தில் சொல்ல வேண்டும். சொல்லாதவரின் உரிமை போய்விடும். எழுதப் படிக்கத் தெரியாத, பட்டா என்றால் என்னவென்றே கேள்விப்படாத மக்களிடம் வைத்த நிபந்தனை இது. அதன்பின் தேன் எடுப்பதும் ஆடு மேய்ப்பதும் ஒன்று அனுமதிச் சீட்டு, இல்லையென்றால் குற்றம். அந்த 'ரிசர்வ் ஃபாரஸ்ட்'தான் தமிழில் காப்புக்காடு ஆனது. ஒதுக்கியது அரசு, ஆனால் பெயரில் ஒதுக்கம் தெரியவில்லை, காப்பு மட்டும் தெரிகிறது.

இப்போது பயோஸ்பியர் ரிசர்வுக்கு வருவோம். 1968இல் யுனெஸ்கோ பாரிஸில் உயிர்க்கோளம் பற்றி ஒரு மாநாடு கூட்டியது. அதிலிருந்து 1971இல் 'மனிதனும் உயிர்க்கோளமும்' என்ற திட்டம் பிறந்தது. திட்டத்தின் பெயரில் மனிதன் முதலில் நிற்கிறான் என்பதைக் கவனியுங்கள். 1976இல் முதல் இடங்கள் அறிவிக்கப்பட்டபோது அறிவியலாளர்களின் கைதான் ஓங்கியிருந்தது. பாலைவனத்தில் ஒரு மாதிரி, மழைக்காட்டில் ஒரு மாதிரி என்று ஒவ்வொரு வகை இயற்கையிலும் ஒரு துண்டைக் கெடாமல் வைத்து ஆராய வேண்டும் என்பது எண்ணம். அதனால் 'ரிசர்வ்' என்ற சொல் அவர்களுக்கு இயல்பாகவே வந்திருக்கும். 1995இல் ஸ்பெயினின் செவில் நகரில் கூடிப் பேசியபோதுதான் எடை மாறியது. இயற்கையைக் காப்பது, அங்கே வாழ்கிறவர்கள் பிழைக்க வழி செய்வது, ஆய்வும் கல்வியும் நடத்துவது: இந்த மூன்று வேலையையும் சேர்த்துச் செய்கிற இடம்தான் பயோஸ்பியர் ரிசர்வ் என்று ஆயிற்று. இன்று 130க்கும் மேற்பட்ட நாடுகளில் 700க்கும் அதிகமான இடங்கள் இந்தப் பட்டியலில் இருக்கின்றன. பட்டத்தைக் கொடுத்துவிட்டு யுனெஸ்கோ போய்விடுவதில்லை. பத்து ஆண்டுக்கு ஒருமுறை நிலைமை என்ன என்று நாடுகள் அறிக்கை கொடுக்க வேண்டும்.

இந்த மூன்று வேலைக்கும் நிலத்தை மூன்றாகப் பிரிப்பார்கள். நடுவில் கை வைக்கக்கூடாத மையப் பகுதி. அதைச் சுற்றி இயற்கைக்குக் கேடு வராத வேலைகள் மட்டும் நடக்கிற இடைப் பகுதி. அதற்கும் வெளியே ஊர், வயல், சந்தை, பள்ளிக்கூடம் எல்லாம் இருக்கிற மாறுநிலைப் பகுதி. நீலகிரியில் மொத்தம் 5,520 சதுர கிலோமீட்டர், தமிழ்நாடு, கர்நாடகம், கேரளம் மூன்றிலும் பரந்தது. அதில் மையப் பகுதி சுமார் 1,240 மட்டுமே. மீதியில் பெரும்பங்கு மனிதர் கைபட்டுக்கொண்டே இருக்கிற நிலம். தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர் என்று அங்கே வேர் பிடித்த சமூகங்கள் இருக்கின்றன. பாறையில் தொங்கி மலைத்தேன் எடுக்கிற குறும்பர்களும், அந்தத் தேனை நியாயமான விலைக்கு விற்க வழி தேடி 1990களில் கோத்தகிரியில் வேலை தொடங்கிய கீஸ்டோன் அமைப்பும் யுனெஸ்கோ சொல்லும் இரண்டாவது வேலைக்கு நல்ல உதாரணம். கள வழக்கில் கோர், பஃபர் என்ற இரண்டு சொல்தான் அடிபடுகிறது. மூன்றாவதான டிரான்சிஷனை யாரும் சொல்லிக் கேட்பது அரிது. மக்கள் வாழ்கிற பகுதியின் பெயர் மட்டும் புழக்கத்துக்கே வரவில்லை.

தமிழ்நாட்டில் இந்தச் சொல்லின் இரு முகமும் ஒரே இடத்தில் தெரிவது மன்னார் வளைகுடாவில். அங்கே 1986இல் 21 தீவுகளையும் சுற்றியுள்ள கடலையும் சேர்த்து 560 சதுர கிலோமீட்டரை கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவித்தார்கள். 1989இல் அதையும் உள்ளடக்கி ராமேஸ்வரத்திலிருந்து கன்னியாகுமரி வரை 10,500 சதுர கிலோமீட்டர் பயோஸ்பியர் ரிசர்வ் ஆனது. பூங்கா என்பது வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் பிள்ளை. அனுமதியின்றி உள்ளே போகக்கூடாது, எதையும் எடுக்கக்கூடாது. பயோஸ்பியர் என்பதோ மீனவர் ஊர்களையும் சேர்த்து அணைக்க வந்தது. கரையில் இருப்பவர்களுக்கு இந்த வேறுபாட்டை யார் சொன்னார்கள்? பூங்கா தடுத்ததற்கெல்லாம் பயோஸ்பியரும் சேர்ந்து திட்டு வாங்கியது.

தடை யார் தலையில் விழுந்தது என்று பார்த்தால், பாசி எடுக்கிற பெண்கள் தலையில். பாம்பன் பக்கம் சின்னப்பாலம் போன்ற ஊர்களில் தலைமுறையாக இது பெண்கள் தொழில். விரல்களில் துணியை வரிந்து சுற்றிக்கொள்வார்கள், பாறை கீறாமல் இருக்க. சேலைக்கு மேல் சட்டை, கண்ணுக்கு நீச்சல் கண்ணாடி, இடுப்பில் வலைப்பை. மூச்சைப் பிடித்து முங்கி, மரிக்கொழுந்துப் பாசி, கஞ்சிப்பாசி, கட்டக்கோரை என்று பார்த்துப் பறித்து மேலே வருவார்கள். முதலிரண்டும் ஐஸ்கிரீம், ஜெல்லி கெட்டிப்பட உதவும் அகார் செய்யப் போகும். பூங்கா வந்தபின் தீவுப் பக்கம் போனால் அபராதம், படகு பறிமுதல். இதில் வியப்பு என்னவென்றால், அந்தப் பெண்களே கூடிப் பேசித் தங்களுக்குக் கட்டுப்பாடு போட்டுக்கொண்டார்கள். பவளப்பாறையைச் சுரண்டும் இரும்புக் கருவி வேண்டாம். மாதம் முழுக்கக் கடலில் இறங்காமல் அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிப் பன்னிரண்டு நாள் மட்டும். மீன்பிடித் தடைக்காலத்தில் பாசிக்கும் ஓய்வு. இந்த முயற்சியை முன்னின்று நடத்திய சின்னப்பாலத்துப் பெண் ஒருவருக்கு 2015இல் தீவுகளைக் காக்கும் பணிக்கான சீக்காலஜி பரிசு கிடைத்தது. யுனெஸ்கோவின் ஆவணம் எதையும் அவர்கள் புரட்டிப் பார்த்திருக்கப் போவதில்லை. ஆனால் அந்த ஆவணம் இடைப் பகுதிக்கு என்ன வரையறை சொல்கிறதோ, அதை அப்படியே செய்துகாட்டியிருக்கிறார்கள்.

உலகின் மறுகோடியில், குவாத்தமாலாவில் மாயா பயோஸ்பியர் ரிசர்வ் இருக்கிறது. 1990இல் தொடங்கியது, பெத்தேன் என்ற வட மாநிலத்தில் சுமார் 21 லட்சம் ஹெக்டேர். அங்கே மேற்குப் பக்கம் மையப் பகுதி என்று கோடு போட்டுத் தேசியப் பூங்காக்கள் அமைத்தார்கள். கிழக்குப் பக்கம் பல்பயன் பகுதி. 1990களின் நடுவிலிருந்து அங்குள்ள காட்டை ஊர்ச் சங்கங்களிடம் 25 ஆண்டுக் குத்தகைக்குக் கொடுத்தார்கள். என்ன மரம், எத்தனை, எந்த ஆண்டு வெட்டலாம் என்பதற்குக் கணக்கு உண்டு. வெளியார் வந்து சான்றளிக்க வேண்டும். மரம் விற்ற காசில் காட்டுத்தீ காவலுக்கு ஆள் போட்டார்கள். நடந்தது என்னவென்றால், யாரும் தொடக்கூடாத லகுனா தெல் தீக்ரே பூங்காவில் காட்டை எரித்து மாட்டுப் பண்ணை போட்டுவிட்டார்கள். கார்மெலீத்தா, உவாஷாக்தூன் போன்ற ஊர்களில் மக்கள் வாழ்ந்து, மரமும் வெட்டிய பக்கம் காடு பெரும்பாலும் அப்படியே நின்றது. பொறுப்பாளர் யாரென்று தெரியாத காட்டை யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம் போலிருக்கிறது.

உவாஷாக்தூன் மக்கள் 'ஷாத்தே' என்ற சிறு பனையின் இலையை வெட்டி விற்கிறார்கள். அமெரிக்காவில் பூங்கொத்துக்கும் குருத்தோலை ஞாயிறுக்கும் போகிற இலை அது. முன்பு வெட்டிய எண்ணிக்கைக்குக் காசு. அதனால் கண்ணில் பட்டதையெல்லாம் வெட்டினார்கள், பாதி குப்பைக்குப் போனது. பிறகு ஊரிலேயே பெண்கள் தரம் பிரிக்கும் கூடம் வந்தது. நல்ல இலைக்கு மட்டும் காசு என்றார்கள். செடிக்கு இரண்டொரு இலை விட்டு வெட்டும் பழக்கம் தானாக வந்தது. அதே காட்டில் மரத்தைக் கீறிப் பால் இறக்கி 'சிக்லே' என்ற பிசின் காய்ச்சுவார்கள், ஒரு காலத்தில் உலகத்துச் சூயிங்கம் முழுக்க அதில்தான். எந்த மரம் என்கிறீர்களா? நம் வீட்டுக் கொல்லைச் சப்போட்டாவேதான்.

சரி, இப்படிப்பட்ட இடத்துக்குத் தமிழில் என்ன பெயர் சொல்வது?

'காப்பகம்' என்ற சொல்லை எங்கெங்கே வைத்திருக்கிறோம்? குழந்தைகள் காப்பகம், முதியோர் காப்பகம், ஆவணக் காப்பகம். எல்லாவற்றிலும் உள்ளே இருப்பவை தாமாகத் தம்மைப் பார்த்துக்கொள்ள முடியாதவை. வெளியிலிருந்து ஒருவர் பூட்டுச் சாவியோடு காக்கிறார். காப்பு என்ற சொல்லில் குறை எதுவுமில்லை. கோயில் திருவிழாவுக்குக் காப்புக் கட்டினால் கட்டுப்பாடு ஊர் முழுவதற்கும், அதை ஊரே மனமுவந்து ஏற்கிறது. ஆனால் 'அகம்' சேர்ந்ததும் சுவர் எழுந்துவிடுகிறது. இலங்கைத் தமிழில் காடு பற்றிய இடங்களில் 'ஒதுக்கம்', 'ஒதுக்கு' என்ற சொற்கள் வழங்குகின்றன. லத்தீன் மூலத்துக்கு அது நெருக்கம், காப்புக்காட்டைவிட நேர்மையும்கூட. இருந்தாலும் செவிலுக்குப் பிந்தைய பொருளுக்கு அதுவும் பொருந்தாது. மக்களை ஒதுக்காத இடத்துக்கு எப்படி ஒதுக்கம் என்பது?

'ரிசர்வ்' தொந்தரவு தமிழனுக்கு மட்டும் வந்ததல்ல. சுவிட்சர்லாந்தின் எண்ட்லெபூக் பள்ளத்தாக்கு 2001இல் பட்டியலில் சேர்ந்தது. பாலும் பாலாடைக்கட்டியும் சொந்த முத்திரையோடு விற்கிற ஊர்கள். தங்கள் பெயரில் ரிசர்வை விட்டுவிட்டு 'பயோஸ்பியர்' என்பதன் ஜெர்மன் வடிவமான 'பியோஸ்ஃபேரே' என்று மட்டும் போட்டுக்கொண்டார்கள். ஆஸ்திரியர்கள் 'உயிர்க்கோளப் பூங்கா' என்கிற பொருளில் சொல்கிறார்கள், அது சுற்றுலா வாடை அடிக்கிறது. கனடாவில் பல இடங்கள் 'ரீஜன்' என்று மாற்றிக்கொண்டுவிட்டன. யுனெஸ்கோ பட்டியலில் பழைய பெயர் இருக்கும், ஊர்ப் பலகையில் புதிய பெயர்.

எனக்குச் சரியாகப் படுவது 'உயிர்க்கோள வட்டாரம்'. வட்டாரம் என்றால் ஊர்களும் பேச்சும் சந்தையும் சாப்பாடும் சேர்ந்த நிலப்பகுதி என்று யாருக்கும் சொல்லித் தர வேண்டியதில்லை. வட்டார வழக்கு, வட்டாரச் சமையல் என்று ஏற்கனவே புழங்குகிறோம். மனிதர் இல்லாத வட்டாரம் என்று ஒன்றை நினைக்கவும் முடியாது. உள்ளே மையப் பகுதி என்று ஒரு இடம் கட்டுப்பாட்டோடு இருப்பதற்கும் இந்தச் சொல் தடையில்லை. காப்பு என்ற கருத்து விட்டுப்போகிறதே என்று கேட்கலாம். கேள்வி நியாயம்தான். 'உயிர்க்கோளம்' என்ற முன்சொல்லே ஓரளவு அதைச் சுமக்கும் என்பது என் எண்ணம்.

அதற்காக அரசாணையில் உள்ள பெயரைத் திருத்தி எழுதக்கூடாது. மன்னார் வளைகுடா உயிர்க்கோளக் காப்பகம், நீலகிரி உயிர்க்கோளக் காப்பகம் என்று பெயராக வரும்போது அப்படியே எழுதுங்கள். அகத்தியமலைக்கும் அப்படித்தான். பொதுவாக விளக்கும்போது வட்டாரம் என்று சொல்லிப் பாருங்கள். அப்புறம், பலர் 'உயிர்கோள காப்பகம்' என்று ஒற்றுகளை விழுங்கி எழுதுகிறார்கள். உயிர் பக்கத்தில் ஒரு க், கோள பக்கத்தில் ஒரு க் உண்டு. 'உயிர்க்கோள வட்டாரம்' என்றால் வகரம் வருவதால் இரண்டாவது ஒற்று வேண்டாம், தட்டச்சில் ஒரு விசை மிச்சம்.